சத்தமும் மாசுதான்!

நீர் மாசு, காற்று மாசு பற்றி நம் சுவர் இதழில் நிறைய பேர் எழுதிவிட்டார்கள். நான் ஒலி மாசு பற்றி எழுதுகிறேன்.

சத்தத்தை டெசிபல் என்ற அலகால் அளக்கிறார்கள். நாம் சாதாரணமாகப் பேசுவது சுமார் 60 டெசிபல். 10 டெசிபல் கூடினால் ஒலிச்செறிவு 10 மடங்காகும். 20 கூடினால் 100 மடங்கு! 85 டெசிபல் சத்தத்தில் தினமும் 8 மணி நேரம் இருந்தால் நாளடைவில் காது மந்தமாகும்.

ஏன் தெரியுமா? நம் உட்செவியில் நத்தைக் கூடு மாதிரி ஒரு உறுப்பு இருக்கிறது. அதற்குள் நுண்ணிய முடிச் செல்கள் உள்ளன. அதிக சத்தம் பட்டுப் பட்டு அவை செத்துவிடும். தலைமுடி வெட்டினால் வளரும், இவை வளரவே வளராது. வலியும் தெரியாது. அதனால்தான் யாரும் பயப்படுவதில்லை.

எங்க அப்பா இருபது வருஷமாக விசைத்தறி ஓட்டுகிறார். இப்போது ரெண்டு மூணு தடவை கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்க்கிறார். தறிச் சத்தம் எங்களுக்குச் சோறு போடுகிறது. அதை நிறுத்த முடியாது, காதடைப்பான் போட்டுக்கொள்ளத்தான் முடியும். ஆனால் தேவையில்லாத சத்தத்தை நிறுத்தலாம் அல்லவா?

பங்குனியில் திருவிழாவும் வரும், பொதுத்தேர்வும் வரும். போன வருஷம் அக்காவுக்குப் பத்தாம் வகுப்பு கணக்குப் பரீட்சை. முதல் நாள் ராத்திரி 1 மணி வரை மைக்செட் பாடியது. குழாய் எங்க வீட்டைப் பார்த்துக் கட்டியிருந்தது. கேட்டதற்கு, "சாமி காரியம், பேசாதீங்க" என்றார்கள். மெதுவாக வைத்தாலும் சாமிக்குக் கேட்கும்!

ஒலி மாசு விதிகள் 2000-ஆம் ஆண்டே வந்துவிட்டன. அதன்படி வீடுகள் உள்ள இடத்தில் பகலில் 55, இரவில் 45 டெசிபல்தான் இருக்கலாம். இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை வெளியிடங்களில் ஒலிபெருக்கி வைக்கக் கூடாது. திருவிழாவுக்காக அரசு விலக்கு கொடுத்தாலும் இரவு 12 மணி வரைதான், அதுவும் வருஷத்தில் 15 நாளுக்கு மேல் கிடையாது.

சண்டை போட வேண்டாம். ஜனவரி 26 கிராம சபை, திருவிழாவுக்கு முன்னாலேயே வருகிறது. அதில் இதைக் கேட்கும்படி அம்மாவிடம் சொல்லியிருக்கிறேன். உங்க வீட்டிலும் சொல்லுங்கள். குழாயைத் திருப்பிக் கட்டவும், பத்து மணிக்கு நிறுத்தவும் காசு செலவு இல்லை. இந்த வருஷம் பத்தாம் வகுப்பு அக்கா அண்ணன்களாவது நிம்மதியாகப் படிக்கட்டும்.

– ஒன்பதாம் வகுப்பு மாணவி