மெலாஞ்ச்: ஆயுளைக் கொடுத்து ஆளை வாங்கும் தூள்

பிராங்க் ஹெர்பர்ட்டின் ‘டியூன்’ நாவல் வரிசையில் வரும் மெலாஞ்ச், அறிவியல் புனைகதைகளில் வந்த மாயப்பொருள்களில் நுணுக்கமாக யோசித்து உருவாக்கப்பட்ட ஒன்று. கதைமாந்தர்கள் அதை ‘ஸ்பைஸ்’ என்றே சொல்கிறார்கள். பட்டை வாசம் வீசும் அதை உண்டால் ஆயுள் நீளும். அளவு கூடினால், தகுதியுள்ளவர் கண்ணுக்கு எதிர்காலம் தெரியும். பழகியபின் நிறுத்தினால் உயிர் போகும். அது விளைவதோ அராக்கிஸ் என்ற ஒரே பாலைவனக் கிரகத்தில்.

அந்தப் பாலைவனத்துக்கு வித்திட்டது ஒரு கடற்கரை. 1957-இல் ஹெர்பர்ட், அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்திலுள்ள புளோரன்ஸ் ஊருக்குப் போனார். நகர்ந்து வந்து சாலைகளை மூடும் மணல்மேடுகளைப் புல் நட்டு நிறுத்த அரசின் வேளாண் துறை எடுத்த முயற்சியைப் பற்றி எழுத நினைத்தார். கட்டுரை வெளிவரவில்லை, சேர்த்த குறிப்புகள் நாவலாக வளர்ந்தன. ‘அனலாக்’ இதழில் தொடராக வந்த அந்தக் கதையைப் பதிப்பகங்கள் ஒவ்வொன்றாகத் திருப்பி அனுப்பின. கடைசியில், கார் பழுதுபார்க்கும் கையேடுகளுக்குப் பேர்போன சில்டன் நிறுவனம் 1965-இல் அதை நூலாக்கியது.

மெலாஞ்ச் தோண்டி எடுக்கும் கனிமம் அல்ல, உயிரிகளிடமிருந்து பிறப்பது. அராக்கிஸின் ஆழத்தில் இருக்கும் நீரை, தோல்துண்டு போன்ற சிற்றுயிர்கள் சூழ்ந்து அடைத்து வைத்திருக்கின்றன. அவற்றின் கழிவில் நீர் புகுந்தால் பூஞ்சை போன்றதொரு திரள் மளமளவென்று வளரும். உள்ளே வாயு சேர்ந்து அழுத்தம் ஏறி, ஒரு கட்டத்தில் எல்லாம் மேலே பீறிட்டுக்கொண்டு வரும். வெயிலும் காற்றும் பட்டபின் அதுவே மெலாஞ்ச். அந்தச் சிற்றுயிர்களில் தப்பிப் பிழைப்பவை பெரிய மணற்புழுக்களாகின்றன. 400 மீட்டருக்கும் மேல் நீண்ட புழுக்களும் உண்டு. புழு இல்லையேல் ஸ்பைஸ் இல்லை. ஆனால் வளர்ந்த புழுவுக்கு நீர் நஞ்சு. இந்த முரண்தான் கதை முழுவதையும் நகர்த்துகிறது.

இந்தச் சுழற்சியை நாவலில் நன்றாக அறிந்தவர் கைன்ஸ் என்ற கிரகவியல் அறிஞர். எதிரிகள் அவரை நீர்காக்கும் உடையைப் பறித்துக்கொண்டு பாலைவனத்தில் விட்டுவிடுகிறார்கள். வெயிலில் கிடக்கும் அவர் மூக்கில், மணலுக்கடியில் திரண்டிருக்கும் மூலப்பொருளின் வாடை ஏறுகிறது. தாம் படுத்திருப்பது வெடிக்கப்போகும் குமிழியின் மேல் என்று புரிகிறது. எழுந்து நகரத் தெம்பில்லை. மண் உள்வாங்கி அவரை விழுங்குகிறது. படித்த படிப்பு, சாவு எப்படி வரும் என்று விளக்க மட்டுமே உதவுகிறது.

அறுவடையும் உயிரோடு விளையாடும் தொழில்தான். ராட்சத ஊர்தி ஒன்று மணலை வாரிச் சலிக்கும். அந்த அதிர்வுக்குப் புழு கட்டாயம் வரும். மேலே சுற்றும் சிறு விமானங்கள் புழுவின் தடத்தைக் கண்டதும் எச்சரிக்க, இன்னொரு பெரிய விமானம் வந்து ஊர்தியை அலாக்காகத் தூக்கிக்கொண்டு போக வேண்டும். அது வரத் தாமதித்தால் ஊர்தி புழுவின் வாயில். இத்தனை ஆபத்தையும் தாங்கும் விலை அதற்கு உண்டு: பத்து கிராம் 6,20,000 சொலாரி. ஒரு கைப்பிடி இருந்தால் வேறொரு கிரகத்தில் வீடே வாங்கலாம்.

பணக்காரர்கள் அதைக் காயகற்பம்போல உண்கிறார்கள். பாலைவனக் குடிகளான ஃபிரமென்கள் உணவிலும் காப்பியிலும் கலப்பதோடு துணி, காகிதம், வெடிமருந்து வரை அதிலிருந்து செய்துகொள்கிறார்கள். ஆனால் பேரரசு அதன் காலில் விழுந்து கிடப்பதற்குக் காரணம் போக்குவரத்து. சிந்திக்கும் இயந்திரங்களுக்கு எதிராகப் பெரும்போர் நடந்து, கணினிகள் அடியோடு தடைசெய்யப்பட்ட உலகம் அது. விண்மீன்களுக்கிடையே கப்பல் செலுத்த யாராவது வழியை முன்கூட்டியே கண்டாக வேண்டும். கில்டு எனப்படும் சங்கத்தின் மாலுமிகள் மெலாஞ்சில் ஊறி, விபத்தில்லாத பாதையை எதிர்காலத்துக்குள் எட்டிப் பார்த்துத் தேர்ந்தெடுக்கிறார்கள். எந்நேரமும் ஆபத்தில்லாத வழியையே நாடியதால் கில்டு தேங்கிப்போனது என்பது ஹெர்பர்ட் வைக்கும் நுட்பமான விமர்சனம்.

70 கிலோ எடையுள்ளவர் நாளொன்றுக்கு இரண்டு கிராமுக்கு மேல் உட்கொண்டால் கடும் அடிமைத்தனம் ஏற்படும் என்று நாவலின் சொற்பட்டியல் கணக்குச் சொல்கிறது. விழிவெண்மை உட்படக் கண் முழுவதும் நீலமாகிவிடும். மாலுமிகளின் உடலமைப்பே மாறிப்போகிறது. 1969-இல் வந்த இரண்டாம் நாவலில் எட்ரிக் என்ற மாலுமி ஸ்பைஸ் வாயு நிரப்பிய தொட்டிக்குள் மிதந்தபடி சதியாலோசனைக்கு வருகிறான். நீரில் மூழ்கிச் சாகும் இளம்புழு வெளிவிடும் திரவம் இன்னும் கொடியது. பெனே ஜெஸரிட் என்ற பெண்கள் அமைப்பினர் அந்த நஞ்சைத் தம் உடலுக்குள்ளேயே முறித்து முன்னோர் நினைவுகளைப் பெறுகிறார்கள். கதைநாயகனின் தாய் ஜெசிக்கா கர்ப்பிணியாக இருந்தபோது அதைக் குடித்ததால் வயிற்றிலிருந்த மகள் அலியாவும் பிறக்கும் முன்பே விழித்துக்கொள்கிறாள். இறந்துபோன பாட்டன் ஹார்கோனனின் நினைவு பின்னாளில் அவளை ஆட்கொள்கிறது.

உடலுக்கு வரும் கேட்டைவிடப் பெரிய கண்ணி அந்த ஞானதிருஷ்டி. கதைநாயகன் பால் அட்ரெய்டீஸ் ஓர் ஆயுதத்தால் கண்ணிழக்கிறான். ஆயினும் பார்வையுள்ளவன்போலவே நடக்கிறான், எதிரில் நிற்பவரின் முகக்குறிப்பைக்கூடச் சொல்கிறான். எல்லாம் முன்பே தரிசனத்தில் கண்டவை. ஆனால் கண்டபடியே ஒவ்வோர் அடியும் வைத்தாக வேண்டும். ஓரடி தவறினாலும் இருட்டு. காதல் துணைவி இறக்கப்போவதும் தெரியும், விலக முடியாது. தரிசனத்தில் வந்தது ஒரு மகள் மட்டும். பிறந்தவை இரட்டைக் குழந்தைகள். அந்த நொடியில்தான் அவன் உண்மையாகக் குருடாகிறான்.

எண்ணெயை மனத்தில் வைத்தே வாசகர்கள் மெலாஞ்சைப் படிக்கிறார்கள். அது தவறில்லை. எண்ணெய் ஏற்றுமதி நாடுகளின் ஓபெக் அமைப்பு 1960-இல் பாக்தாதில் உருவானது. நாவலில் வரும் வணிகக் கூட்டமைப்பு ஒன்றை ஓபெக்கோடு ஒப்பிட்டு ஹெர்பர்ட்டே பின்னாளில் எழுதியிருக்கிறார். எனினும் எண்ணெய் யாருக்கும் எதிர்காலத்தைக் காட்டியதில்லை.

அராக்கிஸைப் பசுமையாக்குவது ஃபிரமென்களின் பரம்பரைக் கனவு. அது பலித்தபோது புழுக்கள் அழிந்து, ஸ்பைஸ் விளைச்சலும் நின்றுபோகிறது. பாலின் மகன் இரண்டாம் லீட்டோ தானே பாதிப் புழுவாகி, பதுக்கிய இருப்பைக் கிள்ளிக் கிள்ளிக் கொடுத்து 3,500 ஆண்டுகள் ஆள்கிறான். அவன் சாவுக்குப் பின் புழுக்கள் திரும்புகின்றன. டிலைலாக்ஸு இனத்தார் தொட்டிகளில் செயற்கையாகவும் மெலாஞ்ச் உண்டாக்குகிறார்கள். ஹெர்பர்ட்டின் கடைசி டியூன் நாவலில், அராக்கிஸே ஏற்கெனவே சாம்பலாகியிருக்க, பெனே ஜெஸரிட் பெண்கள் ஒரு புழுவைத் தங்கள் செழிப்பான கிரகத்துக்குக் கொண்டுவந்து நீரில் அமிழ்த்துகிறார்கள். அதிலிருந்து பெருகும் சிற்றுயிர்கள் நிலத்து நீரை அடைத்துக்கொள்ள, தாங்கள் நட்டு வளர்த்த பழத்தோட்டங்கள் ஒவ்வொன்றாகக் காய்வதைத் தெரிந்தே அனுமதிக்கிறார்கள்.