அம்மாவை நோக்கித் திரும்பிய கேமரா

பட்டமளிப்பு விழாவுக்காக டெல்லியிலிருந்து அம்மா வந்திருக்கிறார். மகன் நிஷித் சரண் ஹார்வர்டில் படிப்பை முடிக்கிறார். உறவுக்காரப் பெண்களும் உடன் வர, ஊர் சுற்றல், கிண்டல், சிரிப்பு. எல்லாவற்றையும் மகனின் கேமரா பதிவு செய்கிறது. பார்க்கிறவர்களுக்கு அது கோடை விடுமுறை வீடியோ. எடுப்பவர் மனதிலோ இரண்டு பாரங்கள். தான் தன்பாலீர்ப்பாளர் என்பதை அம்மாவிடம் சொல்ல வேண்டும், எச்.ஐ.வி. பரிசோதனை முடிவு இன்னும் வரவில்லை.

1999இல் வெளிவந்த ‘சம்மர் இன் மை வெய்ன்ஸ்’ ஆவணப்படத்தின் கதை இவ்வளவுதான். கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே மகன் சொல்லிவிடுகிறார். அம்மா அவரை ஏற்றுக்கொள்கிறார்.

அம்மாவைத் தனியாக அழைத்துப் பேசியிருக்கலாமே, கேமரா எதற்கு என்று கேட்கத் தோன்றும். தனியாகப் பேசப் போனால் ‘அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்’ என்று நழுவிவிட இடமிருக்கிறது. கேமராவை முடுக்கிய பிறகு அது முடியாது. தன் கோழைத்தனத்துக்குத் தானே போட்டுக்கொண்ட பூட்டாகத்தான் நிஷித் அதைப் பயன்படுத்தினார் என்று நினைக்கிறேன். ஆனால் அதே பூட்டுக்குள் அம்மாவும் மாட்டிக்கொண்டார். மகனுக்குத் தயாராக நேரம் இருந்தது. அம்மாவுக்கு ஒரு நிமிடம்கூடக் கிடைக்கவில்லை. தன்பாலுறவுக்கு ஆயுள் தண்டனைவரை விதிக்க இடம்தந்த 377ஆவது பிரிவு இந்தியாவில் உயிரோடு இருந்த காலம் அது. அப்படியொரு செய்தியைக் கேட்ட கணத்தில் தன் முகம் எப்படி இருந்தது என்பதை முன்பின் தெரியாதவர்கள் பார்க்க எந்த அம்மா விரும்புவார்?

தன்வரலாற்று ஆவணப்படங்களின் தீராத சிக்கல் இது. அமெரிக்காவின் டெக்சஸில் வளர்ந்த ஜோனதன் கவுவெட், பதினொரு வயதிலிருந்து தான் எடுத்த வீடியோக்களையும் குடும்பப் புகைப்படங்களையும் ஐமூவி மென்பொருளில் கோத்து ‘டார்னேஷன்’ (2003) படத்தைச் செய்தார். செலவு சுமார் 218 டாலர் என்பது அப்போது பெரிய செய்தி. (பாடல் உரிமைகளுக்குப் பின்னால் கொட்டிய பணம் தனிக்கதை.) தன் பாலீர்ப்பையும், மின்னதிர்ச்சி சிகிச்சையில் சிதைந்துபோன அம்மா ரெனேயின் வாழ்க்கையையும் பிரிக்க முடியாதபடி பின்னியிருக்கிறார். ஆனால் மருந்து அளவுக்கு மீறிப்போய் உடல்நலம் கெட்ட பிறகு, பூசணிக்காயைக் கையில் வைத்துக்கொண்டு ரெனே ஆடிப்பாடும் அந்த நீண்ட காட்சி! அதை மகன் நிறுத்தாமல் எடுத்ததை என்னால் இன்னும் நியாயப்படுத்த முடியவில்லை. சம்மதம் சொல்லும் நிலையில் அவர் இல்லை.

நிஷித்தின் அம்மா மின்னா சரணின் கதை வேறு திசையில் போனது. 2002இல் டெல்லியில் நடந்த சாலை விபத்தில் நிஷித் இறந்துபோனார். 2009இல் டெல்லி உயர் நீதிமன்றம் 377ஆவது பிரிவைத் தளர்த்தியபோது, அதை எதிர்த்து மேல்முறையீடுகள் குவிந்தன. உச்ச நீதிமன்றத்தில் அந்தத் தீர்ப்புக்கு ஆதரவாகத் தன்பாலீர்ப்பாளர்களின் பெற்றோர் சிலர் மனு செய்தார்கள். முதல் பெயர் மின்னா சரண். அவர்களுக்காக வாதாடியவர் மூத்த வழக்கறிஞர் ஃபாலி நாரிமன். 2013இல் தோற்றார்கள். 2018 செப்டம்பர் 6 அன்று அரசியல் சாசன அமர்வு அந்தத் தோல்வியைத் திருத்தி எழுதியது.

கேமரா முன் நிற்க அவரை யாரும் கேட்டுக்கொள்ளவில்லை. நீதிமன்றத்துக்கு அவராகவே போனார்.