புள்ளியில் தோற்காத பிரெஸ்டன்

1952-53 இங்கிலாந்து லீக் கால்பந்துப் பட்டியலைப் பார்க்கும்போதெல்லாம் டாம் ஃபின்னிக்காக என் மனம் அடித்துக்கொள்கிறது. பிளம்பர் தொழில் கற்றவர். பிரெஸ்டன் நார்த் எண்ட் அணியின் அற்புதமான விங்கர்.

வெற்றிக்கு 2 புள்ளி என்றிருந்த காலம். 42 ஆட்டங்கள் முடிவில் பிரெஸ்டன், ஆர்சனல் இரண்டுமே 54 புள்ளிகள். அப்படி வந்தால் அடித்த கோல்களை வாங்கிய கோல்களால் வகுப்பார்கள். பிரெஸ்டன் 85-ஐ 60-ஆல் வகுக்க 1.417, ஆர்சனல் 97-ஐ 64-ஆல் வகுக்க 1.516.

பிரெஸ்டன் தன் ஆட்டங்களை முடித்துவிட்டுக் காத்திருந்தது. மே 1 அன்று ஹைபரி மைதானத்தில் பர்ன்லியை 3-2 என வென்று ஆர்சனல் பட்டத்தைத் தட்டிச் சென்றது. விதி முன்பே எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஆனாலும், இரு அணிகளையும் நேருக்கு நேர் இன்னொரு முறை மோதவிட்டிருக்க வேண்டும் என்பதே என் கட்சி. 1960-ல் ஓய்வுபெறும்வரை பிரெஸ்டனுக்காகவே லீக்கில் ஆடிய ஃபின்னிக்கு அந்தப் பட்டம் கிட்டவே இல்லை.