வாளி நிறைய மீன்... ஆனால் நான் சமைக்கவில்லை!

தீபாவளி முடிந்தால் எங்கள் சிவகாசிப் பக்கம் பட்டாசு ஆலைகளுக்குக் கொஞ்ச நாள் லீவு. ஐப்பசி, கார்த்திகை மழையில் வைப்பாற்றில் தண்ணீர் வருவதும் அப்போதுதான். என்னவர் உடனே தூண்டிலைத் தூக்கிக்கொண்டு வெம்பக்கோட்டை அணைப் பக்கம் கிளம்பிவிடுவார்.

மண்புழு கோர்த்தால் கெண்டை, கெளுத்தி. சின்னத் தவளை கோர்த்தால் விரால். கெண்டை ருசி, ஆனால் முள் ஜாஸ்தி. கெளுத்தியை ஆயும்போது பக்கத்து முள் குத்தினால் ராத்திரி பூரா கடுக்கும். ஜிலேபிக் கெண்டை நம்ம ஊர் மீனே இல்லையாம். ஆப்பிரிக்க இனம், 1952-ல் இந்தியாவுக்கு வந்ததாம். முட்டையையும் குஞ்சையும் தாய் வாய்க்குள் வைத்தே காப்பாற்றும். அதான் எல்லாக் கண்மாயிலும் பெருகிவிட்டது.

போன வருஷம் பத்தாவது படிக்கும் என் அண்ணன் மகன் ஒரு வாளி நிறைய மீன் கொண்டு வந்தான். "அத்தை, குழம்பு வைங்க" என்றான். பார்த்தால் பாதிக்கு மேல் விரல் நீளம்கூட இல்லாத குஞ்சுகள். ஒன்றிலும் தூண்டில் காயம் இல்லை. அதட்டிக் கேட்டதும், "வெடி போட்டோம் அத்தை" என்றான்.

எனக்கு ஈரக்குலையே நடுங்கிவிட்டது. மருந்து என்ன செய்யும் என்று எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்குத் தனியாகவா சொல்ல வேண்டும்? கை போனவர்களையும் கண் போனவர்களையும் தெருவில் பார்த்துக்கொண்டுதானே வளர்கிறார்கள்!

என்னவர் அவனை அடிக்கவில்லை. பக்கத்தில் உட்காரவைத்துச் சொன்னார்: "விரால் குஞ்சு செக்கச்செவேல்னு கூட்டமா மேல வரும். ஆத்தாளும் அப்பனும் கீழயே காவல் நிக்கும். அந்த இடத்துல எங்கய்யா தூண்டிலே போட மாட்டார்டா. நீ வெடி போட்டா முட்டை, குஞ்சு, தாய் எல்லாம் போச்சு. செத்ததுல பாதி அடியில போய் அழுகும். உன் கை போனா உங்கம்மாவுக்கு யார் பதில் சொல்றது?"

வெடி போட்டு மீன் பிடிப்பதும், தண்ணீரில் விஷம் கலந்து பிடிப்பதும் 1897-ம் வருஷத்து இந்திய மீன்வளச் சட்டத்திலேயே குற்றம் என்றும் சொன்னார்.

அந்த மீனை நான் சமைக்கவில்லை. முருங்கை மரத்தடியில் குழி தோண்டி அவனையே புதைக்கச் சொன்னேன். அழுதுகொண்டே புதைத்தான். இந்த வருஷம் மாமாவோடு தூண்டில் பிடித்து உட்காருகிறான்.

சகோதரிகளே, பிள்ளைகள் மீன் கொண்டு வந்தால், 'எப்படிப் பிடித்தாய்?' என்று ஒரு வார்த்தை கேளுங்கள். சட்டி அடுப்பில் ஏறுவது நம் கையில்தானே இருக்கிறது!

- ஒரு வாசகி, சிவகாசி.