சங்கத் தேர்தலில் தவறு நடந்தால் நீதிமன்றம் என்ன செய்யும்?

நாவிதன்வெளிப் பிரதேசத்தின் சொறிக்கல்முனையிலிருந்து கல்முனைக்குப் போக கிட்டங்கித் தாம்போதியைக் கடக்க வேண்டும். மாரியில் வெள்ளம் மேவினால் அந்தப் பயணமும் நின்றுவிடும். வயலையும் தோட்டத்தையும் நம்பி வாழும் இவ்வாறான ஊர்களில் உரம், கடன், நெல் விற்பனை என்று எதற்கும் கூட்டுறவுச் சங்கம் அருகில் இருப்பது பெரிய ஆறுதல். அந்தச் சங்கத்தை யார் நடத்துவது என்பதைத் தீர்மானிப்பது அதன் தேர்தல்.

எத்தனை பங்கு வைத்திருந்தாலும் ஓர் உறுப்பினருக்கு ஒரு வாக்குத்தான். எனவே உறுப்பினர் இடாப்பில் பெயர் இருக்கிறதா என்பதே முதற் கேள்வி. போரில் வீட்டோடு பங்குப் பற்றுச்சீட்டையும் இழந்தவர்கள் நம்மிடையே பலர். கணவரை இழந்த பெண்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். இறந்தவரின் பங்குக்கு நியமனதாரர் உரித்துக் கோரலாம். ஆனால் வாக்குரிமை தானாக வராது. அவர் உறுப்பினராகச் சேர வேண்டும்.

தேர்தலில் தவறு நடந்தால் நேரே வழக்குப் போட முடியுமா? 1972ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் வேறு வழியைக் காட்டுகிறது. சங்கத்துக்கும் உறுப்பினருக்கும் இடையிலான பிணக்கு முதலில் பதிவாளரிடம், அதாவது இன்றைய மாகாணக் கூட்டுறவு அபிவிருத்தி ஆணையாளரிடம் போக வேண்டும். அவர் தாமே தீர்க்கலாம் அல்லது நடுத்தீர்ப்பாளரிடம் ஒப்படைக்கலாம். நிர்வாகக் குழு ஒழுங்காகச் செயற்படவில்லை என்று விசாரணையில் கண்டால் அதைக் கலைத்து வேறு ஆட்களை நியமிக்கும் அதிகாரமும் அவருக்கு உண்டு. ஆனால் கலைப்பதற்கு முன் அந்தக் குழு தன் ஆட்சேபத்தைச் சொல்ல இடமளிக்க வேண்டும்.

இவ்வளவு அதிகாரம் உள்ளவரே தவறினால்? அங்கேதான் நீதிமன்றம் வருகிறது. 1987இன் 13ஆவது திருத்தம் கூட்டுறவை மாகாண சபைப் பட்டியலில் சேர்த்தது. அப்பட்டியலிலுள்ள விடயங்களில் அதிகாரம் செலுத்துவோருக்கு எதிராக எழுத்தாணை வழங்கும் அதிகாரத்தை அரசியலமைப்பின் 154P உறுப்புரை மாகாண மேல் நீதிமன்றத்துக்குக் கொடுத்தது. எனவே எல்லாவற்றுக்கும் கொழும்புக்கு ஓட வேண்டியதில்லை. கல்முனையிலேயே மேல் நீதிமன்றம் இருக்கிறது. சட்டத்துக்கு முரணான முடிவை உறுதிகேள் எழுத்தாணை இரத்துச் செய்யும். செய்ய வேண்டிய கடமையைச் செய்யாதவரை ஆணையீட்டு எழுத்தாணை செய்ய வைக்கும்.

ஆனால் நீதிமன்றம் வாக்குகளைத் திரும்ப எண்ணித் தலைவரைத் தெரிவுசெய்யாது. அதிகாரி சட்டப்படி நடந்தாரா, இரு தரப்பையும் கேட்டாரா என்றே பார்க்கும். சட்டம் காட்டிய மாற்று வழியை நாடாமல் வந்தாலும், காரணமின்றித் தாமதித்தாலும் மனுவைத் தள்ளிவிடலாம்.

தமிழ்நாட்டில் கூட்டுறவுத் தேர்தலை நடத்தவே தனியான தேர்தல் ஆணையம் உண்டு. அங்கும் 2018இல் வேட்புமனுக்கள் முறையின்றி நிராகரிக்கப்பட்டதாக முறைப்பாடுகள் எழுந்தன. அந்த ஏப்ரலில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தேர்தலுக்கு இடைக்காலத் தடை விதித்தது. விவகாரம் உச்ச நீதிமன்றம் வரை சென்றது. ஆணையம் இருந்தால் மட்டும் போதாது, அதையும் கண்காணிக்க வேண்டும் என்பதே அந்த அனுபவம்.

நாம் செய்யக்கூடியவை மூன்று. தேர்தல் அறிவித்தல் வருமுன்பே இடாப்பில் பெயரைப் பார்த்துக்கொள்ளுங்கள். முறைப்பாட்டை எழுத்தில், பதிவுத் தபாலில் அனுப்பிப் பிரதியை வைத்திருங்கள். ஆணையாளர் திணைக்களத்திலுள்ள ஆவணங்களை 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேளுங்கள். தருவதா இல்லையா என்பதை 14 வேலை நாட்களுக்குள் அவர்கள் சொல்ல வேண்டும். நீதிமன்றத்தில் நமக்காகப் பேசப்போவது அந்தக் கடிதங்கள்தான்.