ஆர்ச்டீக்கன்

ஆர்ச்டீக்கன் என்பவர் ஆங்கிலிக்கன் திருமண்டலத்தில் பேராயரின் சார்பில் நிர்வாகம் பார்க்கும் மூத்த குரு. இது தனிக் குருத்துவ நிலை அன்று, பதவி மட்டுமே. சபைகளுக்கு நேரில் சென்று, ஆலயக் கூரை ஒழுகுகிறதா, கணக்கு சரியா, குருவுக்கும் சபையாருக்கும் பிணக்கு உண்டா எனப் பார்ப்பார். ‘பேராயரின் கண்’ என்ற பெயர் அதனால் வந்தது.

இராமநாதபுரம் பகுதியில் எஸ்.பி.ஜி. சங்கம் வளர்த்த ஆங்கிலிக்கன் சபைகள், 1947இல் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது, மதுரையில் அமெரிக்க மிஷன் வளர்த்த சபைகளுடன் ஒரே திருமண்டலமாயின. பின்னவற்றுக்குப் பேராயர் ஆட்சியே பழக்கமில்லை. முதல் பேராயர் லெஸ்லி நியூபிகினும் ஸ்காட்லாந்து திருச்சபையின் குருவாக வந்தவர்தான். பேராயர் பதவி நிலைத்தது. ஆனால் சொத்து, பணம் பற்றிய மேற்பார்வையில் குருக்களோடு சபையாரும் அமரும் திருமண்டல மன்றம் பங்குபெற்றது.