நிபுணர் எனப்படுபவர் யார்? தொலைக்காட்சி விவாதத்தில் ஒரு ரயில்வே தொழிலாளி

ரயில்வே குறித்துத் தொலைக்காட்சியில் விவாதம் நடக்கும்போது அமைச்சரும் பொருளியலாளரும் நிறுவனப் பேச்சாளரும் நிபுணர்களாக அமர்த்தப்படுகிறார்கள். அந்த ரயிலை இயக்கும் தொழிலாளியோ பயணிகளுக்கு இடையூறு செய்பவராக மட்டுமே காட்டப்படுகிறார். 2022ஆம் ஆண்டுக் கோடையில் பிரிட்டனில் இந்த ஏற்பாட்டைக் குலைத்தவர் மிக் லிஞ்ச். அது எவ்வாறு நிகழ்ந்தது என்பதை நாம் புரிந்துகொள்வது அவசியம்.

லண்டனில் ஐரிஷ் பெற்றோருக்குப் பிறந்த லிஞ்ச், 16 வயதில் பள்ளியை விட்டு வெளியேறி மின்பணியாளர் ஆனார். தொழிற்சங்கத்தில் ஈடுபட்டதால் கட்டுமானத் துறையில் அவருக்கு வேலை மறுக்கப்பட்டது. அத்துறையின் பெருநிறுவனங்கள் சங்கத் தொழிலாளர்களைப் பற்றி இரகசியக் கறுப்புப் பட்டியல் ஒன்றைப் பேணிவந்தன. 2009இல் தகவல் ஆணையர் அலுவலகம் நடத்திய சோதனையில் 3,213 பேரின் விவரங்கள் அதில் இருந்தது வெளிப்பட்டது. இத்தகைய பட்டியல்களைத் தடைசெய்யும் விதிமுறைகள் 2010இல்தான் நடைமுறைக்கு வந்தன.

கட்டுமானத்தில் கதவு அடைக்கப்பட்ட லிஞ்ச், 1993இல் யூரோஸ்டார் ரயில் நிறுவனத்தில் சேர்ந்தார். 2021 மே மாதத்தில் ஆர்.எம்.டி. சங்கத்தின் பொதுச்செயலாளராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். ஊதியம், ஆட்குறைப்பு, பணி நிபந்தனைகள் ஆகியவற்றை முன்வைத்து 2022 ஜூனில் சுமார் 40,000 தொழிலாளர்கள் மூன்று நாட்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, நாள்தோறும் அவர் திரையில் தோன்றினார்.

மறியலில் என்ன நடக்கும் என்று ஸ்கை நியூஸ் நெறியாளர் திரும்பத் திரும்பக் கேட்டு, 1980களின் சுரங்கத் தொழிலாளர் போராட்டத்தை நினைவூட்டினார். வன்முறை நிகழும் என்ற கற்பிதம் அக்கேள்விக்குள் இருந்தது. லிஞ்ச் தமக்குப் பின்னால் அமைதியாக நின்றிருந்த தோழர்களைச் சுட்டிக்காட்டினார். கேள்வியின் முன்முடிவை ஏற்காமல், கண்முன் உள்ள உண்மையைச் சொல்வதே அவரது முறை.

இதை வெறும் பேச்சுத் திறன் எனக் கருதலாகாது. வேலைநிறுத்த வாக்கெடுப்பில் குறைந்தது 50 விழுக்காட்டினர் பங்கேற்க வேண்டும் என்று 2016ஆம் ஆண்டுச் சட்டம் அப்போது கோரியது. ஆர்.எம்.டி. வாக்கெடுப்பில் 71 விழுக்காட்டினர் பங்கேற்றனர். அவர்களில் 89 விழுக்காட்டினர் ஆதரித்தனர். அந்த ஆணையே அவரது உறுதியின் அடித்தளம்.

அரசு சட்டத்தால் பதிலளித்தது. வேலைநிறுத்தத்தின்போது முகவர் நிறுவனங்கள் மாற்று ஆட்களை அனுப்புவதற்கு இருந்த தடையை 2022 ஜூலையில் நீக்கியது. உரிய கலந்தாலோசனை நடத்தப்படவில்லை எனக் கூறி, 2023 ஜூலையில் உயர் நீதிமன்றம் அம்மாற்றத்தை ரத்து செய்தது.

அதே மாதம் இங்கிலாந்தின் பெரும்பாலான பயணச்சீட்டு அலுவலகங்களை மூடும் திட்டம் அறிவிக்கப்பட்டது. முகப்பில் பணியாளர் இல்லையெனில் பார்வையற்றோரும் சக்கர நாற்காலியில் வருவோரும் என்ன செய்வார்கள் என்று தொழிலாளர்களும் மாற்றுத்திறனாளி அமைப்புகளும் கேட்டனர். சுமார் 7.5 இலட்சம் கருத்துகள் குவிந்தன. அக்டோபர் 31 அன்று திட்டம் கைவிடப்பட்டது.

எனினும் தொலைக்காட்சிப் புகழ் மட்டுமே வெற்றி தரவில்லை. ரயில் இயக்க நிறுவனங்களுடனான பிணக்கு 2023 நவம்பர் வரை நீடித்து, சமரசத்தில் முடிந்தது. தொழிலாளர்கள் பல நாள் ஊதியத்தை இழந்தனர்.

ஊடகங்களின் முன் செல்லும் நாம் இதிலிருந்து மூன்றைக் கற்கலாம். உறுப்பினர்களின் ஆணையைப் பெற்றுச் செல்ல வேண்டும். நம் துறையின் சட்டத்தையும் எண்களையும் அறிந்திருக்க வேண்டும். தவறான கேள்விக்கு விடையளிப்பதற்கு முன் கேள்வியைத் திருத்த வேண்டும். ஒரு வேலையைச் செய்பவரே அதைப் பற்றிப் பேசும் முதல் தகுதி உடையவர். அவருக்கான இருக்கையைக் கேட்டுப் பெறுவதும் உரிமைப் போராட்டமே.